அந்தப் பெட்டி எங்கே போனது?

"பெட்டி வந்தாச்சா?"

நாற்பது வருஷத்துக்கு மேல் என் காலைப் பொழுது இந்தக் கேள்வியோடுதான் விடிந்தது. 1970இல் திருவையாற்றுப் பக்கம் ஒரு டூரிங் டாக்கீஸில் ரீல் சுற்றிக் கொடுக்கும் பையனாகச் சேர்ந்தேன். பிறகு ஆபரேட்டர் லைசென்ஸ் எடுத்தேன். 2012இல் எங்கள் தியேட்டருக்கு டிஜிட்டல் வரும்வரை கேபினை விட்டு நகரவில்லை. புதுப்படம் வெள்ளிக்கிழமை என்றால் வியாழன் ராத்திரி தூக்கம் வராது. பெட்டி ரயிலில் வரும், இல்லை பஸ்ஸின் மேல்கூரையில் வரும். தகரப் பெட்டியைத் திறந்தவுடன் ஒரு வாசனை அடிக்கும். புது பிரிண்டுக்கு ஒரு வாசனை, பத்து ஊர் சுற்றிவிட்டு வந்த பிரிண்டுக்கு வேறு வாசனை. முகர்ந்தே சொல்லிவிடுவேன்.

அதனால்தானோ என்னவோ, தமிழ் சினிமாவின் தொடக்கத்தைப் பற்றி யார் பேசினாலும் என் மனசு போய் நிற்பது ஒரு பெட்டியிடம்தான். 1931 அக்டோபர் கடைசியில் அது பம்பாயிலிருந்து ரயிலில் சென்னைக்கு வந்தது. உள்ளே இருந்தது 'காளிதாஸ்'. தமிழ் பேசிய முதல் படம். சென்ட்ரல் ஸ்டேஷனிலிருந்து வால்டாக்ஸ் சாலையில் இருந்த கினிமா சென்ட்ரல் கொட்டகைக்கு ரொம்ப தூரமில்லை. அந்தத் தூரத்துக்கு ஜனங்கள் பெட்டியை ஊர்வலமாகக் கொண்டுபோனார்கள். பூத்தூவி, தேங்காய் உடைத்து, சூடம் காட்டினார்களாம். அக்டோபர் 31ஆம் தேதி படம் திரைக்கு வந்தது. அந்தக் கொட்டகை பிற்பாடு முருகன் டாக்கீஸ் ஆயிற்று. இப்போது அதுவும் இல்லை.

சாமி புறப்பாடு மாதிரி வந்த அந்தப் படத்தில் இன்றைக்கு ஓர் அடி பிலிம்கூட நம்மிடம் இல்லை. மிச்சமிருப்பதெல்லாம் காகிதம்: பாட்டுப் புத்தகம், பத்திரிகை விளம்பரம், ஓரிரண்டு போட்டோ. இந்த இழப்பை விதி என்றோ காலத்தின் கோலம் என்றோ சொல்லிக் கடந்துபோகிறவர்களோடு எனக்குச் சண்டை உண்டு. பிலிம் எப்படிச் சாகிறது என்பதைப் பக்கத்தில் இருந்து பார்த்தவன் நான். அது தானாகச் சாவதில்லை.

முதலில் படம் எப்படி உண்டாயிற்று என்று சொல்கிறேன். 1931இல் சென்னையில் பேசும் படம் எடுக்க ஒரு ஸ்டுடியோ கிடையாது. மௌனப்படம் எடுத்தவர்கள் இருந்தார்கள், ஒலி பிடிக்கும் கருவி இல்லை. அதனால் தமிழ் பேசுவதற்குப் பம்பாய் போக வேண்டியிருந்தது. அங்கே இம்பீரியல் கம்பெனியின் அர்தேஷிர் இரானி, அந்த வருஷம் மார்ச் 14ஆம் தேதி 'ஆலம் ஆரா'வை வெளியிட்டு, இந்தியாவில் படத்தைப் பேச வைத்திருந்தார். அதே அரங்குகளில், அவருடைய கம்பெனிக்காக எச். எம். ரெட்டி 'காளிதாஸை' எடுத்தார். எட்டு நாளில் முடித்தார்கள் என்று சொல்வார்கள்.

எட்டு நாளா என்று வாயைப் பிளக்கிறவர்களுக்கு ஒரு விஷயம் தெரிய வேண்டும். இம்பீரியலில் அப்போது பிடித்த முறையில் படமும் ஒலியும் ஒரே நேரத்தில் ஒரே பிலிமில் பதிவாகும். பின்னணிப் பாட்டு என்ற பேச்சே கிடையாது. நடிப்பவரேதான் கேமரா முன்னால் பாட வேண்டும். வாத்தியக்காரர்கள் கேமராவின் கண்ணில் படாமல் ஒளிந்து உட்கார்ந்து வாசிக்க வேண்டும். மைக்கும் படத்தில் விழக் கூடாது. ஒருவர் தும்மினால் பாட்டு மொத்தமும் மறுபடி. 'ஆலம் ஆரா' எடுத்தபோது ஸ்டுடியோவை ஒட்டி ரயில் போய்க்கொண்டிருந்ததால், வண்டி ஓடாத நடுராத்திரியில்தான் பெரும்பாலும் வேலை நடந்தது. வெட்டி ஒட்டிச் சரிசெய்யவும் வழியில்லை. பிலிமில் ஒலிக்கோடு படத்துக்கு நேராக இருக்காது, இருபது கட்டம் முன்னால் ஓடும். படத்தை நறுக்கினால் வேறோர் இடத்துப் பேச்சும் சேர்ந்து வெட்டுப்பட்டுப் போகும். ஒரு ஜாயிண்ட் போடும்போது நான் பயந்ததெல்லாம் இதற்குத்தான்.

அந்த நெருக்கடியில் நிற்கக்கூடிய ஆளாகத் தேடியபோது கிடைத்தவர் டி. பி. ராஜலட்சுமி. எங்கள் திருவையாற்றுப் பெண். 1911இல் பிறந்தவர். சின்ன வயசிலேயே கல்யாணம் செய்துவைத்து, அது முறிந்து, அப்பாவும் போய், அம்மாவோடு திருச்சிக்குப் பிழைக்கப் போனார். அங்கே சாமண்ணா நாடகக் கம்பெனி. நாடக ஆசிரியர் சங்கரதாஸ் சுவாமிகள் அந்தச் சிறுமியின் குரலை அடையாளம் கண்டார். மேடையில் மைக் இல்லாமல் கடைசி வரிசைக்குக் கேட்கப் பாடிப் பழகிய தொண்டை அது. ராத்திரி முழுக்க நின்று பாடி, பிசகு வந்தாலும் நிற்காமல் சமாளித்துப் போகிற பயிற்சி நாடகக்காரர்களுக்கு மட்டும்தான் இருந்தது. மௌனப் படங்களிலும் நடித்திருந்தார். ஏறக்குறைய இருபது வயசில் பம்பாய் போய் அந்த மைக்குக்கு அடியில் நின்றார்.

'காளிதாஸ்' கதை எல்லோருக்கும் தெரிந்ததுதான். தன் மகனைக் கட்டிக்கொள்ள மறுத்த இளவரசியைப் பழிவாங்க, உட்கார்ந்த கிளையையே வெட்டிக்கொண்டிருந்த ஒரு மாடு மேய்ப்பவனைப் பண்டிதன் என்று சொல்லிக் கட்டிவைக்கிறான் மந்திரி. ஏமாற்றம் தெரிந்து இளவரசி காளியிடம் அழ, காளி அவனுக்குப் புலமை தருகிறாள். அந்த இளவரசிதான் ராஜலட்சுமி. நாயகன் பி. ஜி. வெங்கடேசன். கோயில் பூசாரியாக ஒரு சின்ன வேஷத்தில் எல். வி. பிரசாத் வருகிறார். பின்னால் பெரிய டைரக்டராகி, சென்னையில் லேபும் கட்டினார் அவர். அவர் பெயர் போட்ட அந்த லேபிலிருந்து வந்த பிரிண்டுகளை எத்தனையோ ஓட்டியிருக்கிறேன்.

படத்தில் இளவரசி தமிழில் பேசினாள், நாயகன் தெலுங்கில் பதில் சொன்னான். தியாகராஜர் கீர்த்தனை வந்தது. காளிதாசன் காலத்துக் கதைக்கு நடுவே ராட்டையைப் பற்றி மதுரகவி பாஸ்கரதாஸ் எழுதிய காங்கிரஸ் பாட்டும் வந்தது. இதையெல்லாம் எடுத்துக்காட்டி, 'காளிதாஸ்' தமிழ்ப் படமே இல்லை என்று வாதாடுகிறவர்கள் இன்றும் இருக்கிறார்கள். எனக்கு அது வீண் வழக்காகப் படுகிறது. அன்றைய சென்னைப் பட்டணம் அப்படித்தான் பேசியது. தஞ்சாவூர்க் கச்சேரி மேடையும் அப்படித்தான் பாடியது. கதைக்குப் பொருந்தாத ராட்டைப் பாட்டு அங்கே எதற்கு வந்தது? நாடக மேடையில் வேஷத்தோடு நின்றே சுதந்திரப் பாட்டைப் பாடி, அதற்காகச் சிறைக்கும் போனவர் ராஜலட்சுமி. நாடகத்தில் ஜனங்கள் கேட்டுப் பழகியதைப் படத்திலும் கொடுத்தார்கள். எந்த மொழிக்கு அந்தப் படம் சொந்தம் என்று முட்டிக்கொள்ளும் நேரத்தில், அது யார் கையிலிருந்து தொலைந்தது என்று கேட்கலாம்.

அதற்கான பதில் என் தொழிலுக்குள் இருக்கிறது.

எனக்கு வேலை கற்றுக்கொடுத்தவரை நான் மாமா என்றுதான் கூப்பிடுவேன். நாற்பதுகளில் கேபினுக்குள் நுழைந்தவர். அவருடைய இடது புறங்கையில் மணிக்கட்டிலிருந்து சுண்டுவிரல் வரை தோல் சுருங்கிப் பளபளவென்று இருக்கும். நைட்ரேட் பிலிம் பற்றிய காயம். அந்தக் காலத்து பிலிம் முழுக்க நைட்ரேட்தான். பஞ்சையும் நைட்ரிக் அமிலத்தையும் சேர்த்துச் செய்வது, வெடிமருந்து செய்கிற அதே வழி. பற்றிக்கொண்டால் தண்ணீருக்குள் போட்டாலும் எரியும். எரிவதற்கு வேண்டிய காற்றை அதுவே உண்டாக்கிக்கொள்ளும். புரொஜெக்டரில் அதற்கு ஓர் அடி பின்னால் வெளிச்சத்துக்கான கார்பன் குச்சிகள் இரண்டும் வெள்ளை வெளேரென்று எரிந்துகொண்டிருக்கும்.

"நெருப்புக்குப் பக்கத்துல வச்சு நெருப்ப ஓட்டுனோம்டா தம்பி" என்பார் மாமா.

நான் சேர்ந்த காலத்தில் நைட்ரேட் போய், தீப்பிடிக்காத பிலிம் வந்துவிட்டது. ஆனாலும் கேபின் ஜன்னலுக்கு மேலே இரும்புப் பலகை தொங்கிக்கொண்டிருக்கும், மூலையில் மணல் வாளி இருக்கும். லைசென்ஸுக்கு வரும் அதிகாரி முதலில் அதைத்தான் பார்ப்பார்.

ஆனால் தீயைவிட அதிகமான படங்களைத் தின்றது தராசு. மாமா சொல்லித்தான் எனக்குத் தெரியும். கறுப்பு வெள்ளைப் படத்தில் நாம் கறுப்பாகப் பார்க்கிறதெல்லாம் உண்மையில் வெள்ளி. ராஜலட்சுமியின் தலைமுடி, கண், புடவைக் கரை எல்லாமே பிலிமில் வெள்ளித் துகள்கள். ஓடித் தேய்ந்த பிரிண்டை எடைக்கு வாங்கிப் போவார்கள், மருந்தில் ஊறவைத்து அந்த வெள்ளியைக் கழுவி எடுப்பார்கள். மிச்சமான வெறும் நாடா வளையல் செய்கிறவர்களுக்குப் போகும். ஒரு படத்துக்குப் பிரதிகள் விரல்விட்டு எண்ணும் அளவுதான் இருந்த காலம். ஏ சென்டரில் ஓடி, பி சென்டரில் ஓடி, கடைசியில் டெண்ட் கொட்டகைக்கு வரும்போது திரையில் மழை பெய்யும். பிறகு தராசு. அந்தப் பெட்டியை எடுத்துப் பத்திரமாக வைத்துவிட்டால் யாருக்கு லாபம்? வைக்க இடம் வேண்டும், வாடகை வேண்டும், நெருப்புக்குக் காவல் வேண்டும். விற்றால் கையில் காசு.

இதைச் சொல்லும்போது முன்னோரைக் குற்றம் சொல்லித் தப்பித்துக்கொள்ள நான் நினைக்கவில்லை. 1986 வாக்கில் ஒரு ஊரில் விநியோகக் கம்பெனி ஒன்றுக்குப் பெட்டி திருப்பிக் கொடுக்கப் போயிருந்தேன். பின்கட்டில் இரண்டு பேர் கோடாலியால் ரீலை வெட்டிக்கொண்டிருந்தார்கள். உரிமைக் காலம் முடிந்த பிரிண்டுகள். வேறு யாரும் திருட்டுத்தனமாக ஓட்டிவிடக் கூடாது என்பதற்காக ஸ்பூலோடு வைத்து நாலாக வெட்டி, சாக்கில் கட்டி, எடைக்குப் போடுவது வழக்கம். எல்லா ஊரிலும் நடந்ததுதான். நான் ஓட்டிய படம் ஒன்று அதில் இருந்தது. எங்கள் கொட்டகையில் பெண்கள் முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டே பார்த்த படம். ஒரு வார்த்தை பேசாமல் கையெழுத்துப் போட்டுவிட்டு வந்தேன். ஜாயிண்ட் போடும்போது வெட்டி எறிந்த துண்டுகளை ஊர்ப் பையன்களுக்கு நானே அள்ளிக் கொடுத்திருக்கிறேன். அவர்கள் பியூஸ் போன பல்பில் தண்ணீர் ஊற்றி, கண்ணாடியால் வெயிலைத் திருப்பி, அப்பாவின் வேட்டியில் படம் காட்டுவார்கள். அந்தச் சந்தோஷத்தில் குறையில்லை. ஆனால் ஒவ்வொரு துண்டும் ஒரு படத்திலிருந்து போன துண்டு.

ஒரு படம் எப்படிப் பிழைக்கும் என்பதற்கும் உதாரணம் இருக்கிறது. நாகர்கோவில் ஆர். சுந்தர்ராஜ் சி. வி. ராமன் பிள்ளையின் நாவலை வைத்து 'மார்த்தாண்ட வர்மா' என்று 1933இல் ஒரு மௌனப்படம் எடுத்தார். நாவலின் உரிமை தங்களுடையது என்று திருவனந்தபுரத்துப் புத்தகக் கம்பெனி ஒன்று வழக்குப் போட்டது. படம் முடக்கப்பட்டது, சுந்தர்ராஜ் நொடித்துப் போனார். பிரிண்ட் அந்தப் புத்தகக் கம்பெனியின் கைக்குப் போய் அங்கேயே கிடந்தது. 1974இல் புணேயில் உள்ள தேசியத் திரைப்படக் காப்பகம் அதை வாங்கியது. தென்னிந்திய மௌனப் படங்களில் இன்று நாம் பார்க்கக்கூடியது அது ஒன்றுதான். கொட்டகை கொட்டகையாக ஓடிக் காசு பார்த்த படங்கள் எல்லாம் தேய்ந்து அழிந்தன. வழக்கில் மாட்டி அலமாரியில் கிடந்தது பிழைத்தது. இதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு வயிற்றைப் பிசைகிறது. ஒரு கலை உயிரோடிருக்க அதன்மேல் யாராவது வழக்குப் போட்டிருக்க வேண்டுமா?

புணேக் காப்பகம் 1964இல் தொடங்கியது. அங்கே பி. கே. நாயர் போன்றவர்கள் ஊர் ஊராகத் தேடிப் படங்களைச் சேர்த்தார்கள். அவர்களுக்கு நாம் கடன்பட்டிருக்கிறோம். ஆனால் அங்கேயும் 2003 ஜனவரியில் நைட்ரேட் சுருள்கள் வைத்திருந்த இடத்தில் தீப்பிடித்துப் பழைய படங்கள் பல போயின. ஒரே இடத்தில் ஒரே பிரதி இருந்தால் அது இருந்தும் இல்லாத மாதிரிதான். இவ்வளவு படம் எடுத்த தமிழ்நாட்டுக்குச் சொந்தமாகக் குளிரூட்டிய ஒரு பிலிம் அறை வேண்டும் என்று கேட்பது பேராசையா? புத்தகங்களுக்கு 1954இலேயே சட்டம் வந்தது. யார் என்ன அச்சடித்தாலும் கன்னிமாரா நூலகத்துக்கு ஒரு பிரதி போய்ச் சேர வேண்டும். 2006இல் படத்துக்குத் தமிழில் பெயர் வைத்தால் கேளிக்கை வரி கிடையாது என்று அரசு அறிவித்தபோது, ஒரு நிபந்தனையைச் சேர்த்திருக்கலாம்: தியேட்டருக்குப் போகிற அதே தரத்தில் ஒரு பிரதியை அரசுக் காப்பகத்தில் கொடு. பெயரைக் காப்பாற்றினோம், படத்தைக் காப்பாற்ற மறந்தோம். இப்போதும் மானியம் கொடுக்கிற படங்களிலிருந்தாவது இதைத் தொடங்கலாம். தரமணியில் அரசின் எம்.ஜி.ஆர். திரைப்படப் பயிற்சி நிறுவனம் இருக்கிறது. அந்த வளாகத்தில் ஓர் அறை போதும். பழகிய கைகள் வேண்டுமென்றால் வேலையிழந்த ஆபரேட்டர்கள் மாவட்டத்துக்கு மாவட்டம் இருக்கிறோம்.

பிலிம் போய்க் காகிதம் மட்டும் மிஞ்சினாலும் அதை லேசாக நினைக்க வேண்டாம். தெலுங்கின் முதல் பேசும் படம் 'பக்த பிரகலாதா'. அதையும் எடுத்தவர் எச். எம். ரெட்டிதான். அது 1931 செப்டம்பரில் வந்தது என்று பல காலம் எல்லோரும் எழுதிவந்தார்கள். தெலுங்குப் பத்திரிகையாளர் ஒருவர் பழைய பத்திரிகைகளையும் தணிக்கைச் சான்றையும் தோண்டிப் பார்த்து, அது 1932 பிப்ரவரி 6 என்று நிறுவினார். தணிக்கைத் தாளும் விளம்பரமும் போதுமாயிருந்தன. நம் பக்கத்தில், நடராஜ முதலியார் புரசைவாக்கத்தில் ஸ்டுடியோ போட்டு எடுத்த மௌனப்படமான 'கீசகவதம்' 1916ஆ, 1917ஆ, 1918ஆ என்று புத்தகத்துக்குப் புத்தகம் மாறுகிறது. ராஜலட்சுமி தாமே எழுதித் தயாரித்து டைரக்ட் செய்த 'மிஸ் கமலா' 1936இல் வந்தது. தமிழில் ஒரு பெண் டைரக்ட் செய்த முதல் படம். அதற்கும் பிரிண்ட் இல்லை. அவர் 1964இல் காலமானார். புணேயில் காப்பகம் தொடங்கியதும் அதே வருஷம்தான். அதற்குள் அவருடைய பெரும்பாலான வேலை மறைந்துவிட்டிருந்தது.

என்னிடம் ஒரு டிரங்குப் பெட்டி நிறையப் பாட்டுப் புத்தகங்கள் இருந்தன. கொட்டகை வாசலில் விற்பார்களே, அதேதான். நாலு பக்கம் கதைச் சுருக்கம் சொல்லி, முக்கியமான கட்டத்தில் நிறுத்தி, மீதியை வெள்ளித்திரையில் காண்க என்று போட்டிருக்கும். மாமா சேர்த்து வைத்தது பாதி, நான் சேர்த்தது பாதி. கரையான் ஒரு மூலையைத் தின்றுவிட்டது. போன வருஷம் மீதியைத் தரமணியில் உள்ள ரோஜா முத்தையா நூலகத்துக்குக் கொண்டுபோய்க் கொடுத்தேன். கோட்டையூரில் ஒரு தனி மனிதர் நோட்டீஸிலிருந்து கல்யாணப் பத்திரிகை வரை எதையும் தூக்கி எறியாமல் சேர்த்து வைத்ததிலிருந்து வளர்ந்த நூலகம் அது. அங்கே இருக்கிற பிள்ளைகள் ஒவ்வொரு பக்கத்தையும் தூரிகையால் துடைத்துப் படம் எடுப்பதைப் பார்த்துக்கொண்டே நின்றேன்.

உங்கள் வீட்டுப் பரணிலும் இப்படி ஏதாவது இருக்கலாம். அப்பா டெண்ட் கொட்டகை வைத்திருந்தார், தாத்தா டிக்கெட் கிழித்தார், பெரியப்பா பெட்டி தூக்கினார் என்கிற குடும்பங்கள் காவிரிக் கரையில் மட்டும் எத்தனையோ. பாட்டுப் புத்தகம் கிடைத்தால் செல்லோடேப் ஒட்டாதீர்கள். பிலிம் டப்பா கிடைத்தால் வெயிலில் வைக்காதீர்கள், அடுப்படிப் பக்கமும் வேண்டாம், பிளாஸ்டிக் பையில் கட்டவும் வேண்டாம். திறந்து முகர்ந்து பாருங்கள். காடி வாடை அடித்தால் பிலிம் நோய்ப்பட்டிருக்கிறது, பக்கத்து டப்பாவையும் அது கெடுக்கும், பிரித்து வையுங்கள். பிசுபிசுவென்று ஒட்டிக்கொண்டு, பழுப்புப் பொடி உதிர்ந்தால் நைட்ரேட்டாக இருக்கலாம். வீட்டை விட்டுத் தள்ளி வைத்துவிட்டுத் தெரிந்தவரைக் கூப்பிடுங்கள்.

போன தை மாசம் எனக்கே அப்படி ஓர் அழைப்பு வந்தது. திருக்காட்டுப்பள்ளிப் பக்கம், மூடிப்போன ஒரு டாக்கீஸ்காரர் குடும்பம். பேரன் மாட்டுக் கொட்டகை உத்திரத்திலிருந்து ஒரு டப்பாவை இறக்கி, "தாத்தா, இது தேறுமா பாருங்க" என்று கொடுத்தான். மூடி துருப்பிடித்து இறுகியிருந்தது. தேங்காய் எண்ணெய் விட்டு மெதுவாகத் திருகித் திறந்தேன். காடி வாடை குப்பென்று அடித்தது. சுற்றின் மேல் முப்பது நாற்பது அடி போய்விட்டது, அதற்குக் கீழே பரவாயில்லை. ரீவைண்டர் இல்லை. பருத்தித் துணி விரித்து, ஜன்னல் பக்கம் உட்கார்ந்து, கையாலேயே அடி அடியாகப் பிரித்தேன். தலைப்பு இல்லை, எண் இல்லை. கறுப்பு வெள்ளை. தூணுக்குப் பக்கத்தில் ஒரு பெண் நின்று பாடுகிறாள். வாய் திறந்திருக்கிறது, கழுத்து நரம்பு தெரிகிறது, ஓரத்தில் ஒலிக்கோடு தெளிவாக ஓடுகிறது. யார் என்று எனக்குத் தெரியவில்லை. நான் ஓட்டிய எந்தப் படத்திலும் பார்த்த முகமில்லை.

"யாரு தாத்தா அது?" என்று அந்தப் பையன் கேட்டான்.

தஞ்சாவூரிலிருந்து சென்னை வரை நாலைந்து பேருக்குப் போன் போட்டேன். கேட்டுச் சொல்கிறேன் என்றார்கள் எல்லோரும். டப்பா இப்போது என் வீட்டில், வாடகைக்கு விட்டிருந்த அறையைக் காலி செய்து, தரையில் இல்லாமல் ஒரு ஸ்டூல் மேல் இருக்கிறது. சித்திரை வெயில் தொடங்கிவிட்டது. தினமும் இரண்டு வேளை போய் முகர்ந்து பார்க்கிறேன்.